மெதுவாக இறங்கத் தெரியாதவர்

மேல் நகரத்துக்குப் போகும் சிறிய விமானத்தில் ஏறி அமர்ந்ததும் பழகிய பயணிகள் சில காரியங்களைச் செய்வார்கள். பல்செட் வைத்திருப்பவர்கள் அதைக் கழற்றிக் கைக்குட்டையில் முடிந்துகொள்வார்கள். காப்பிக் குவளையைக் கையில் வைத்திருப்பவர்கள் மிச்சத்தை ஒரே மடக்கில் குடித்துவிடுவார்கள். பிறகு யாராவது ஒருவர் விமானி இருக்கைக்குப் பின்னால் தொங்கும் திரையை எட்டிப் பார்த்துக் கேட்பார்: "இன்னிக்கும் தடால் அக்காதானா?"

திரைக்கு அந்தப் பக்கமிருந்து பதில் வரும்: "ஆமா, அதே ஆள்தான். பெல்ட்டை இறுக்கிக்கோங்க."

அந்தப் பட்டப்பெயரை முதலில் வைத்தவர் யார் என்று விசாரித்ததில் மூன்று பேர் உரிமை கோரினார்கள். மூவருக்கும் கழுத்து வலி இருக்கிறது என்பதைத் தவிர வேறு ஆதாரம் எதுவும் கிடைக்கவில்லை. பெயருக்கு உரியவரோ அதைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை. கவலைப்படாமல் இருந்தார் என்பதையும், ஒரு மழைக்காலத்தில் மட்டும் கவலைப்பட்டுவிட்டார் என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் அவருடைய கதை முழுமையாகும்.

விமானி ஆவதற்கு முன்பு அவர் விமான நிலையத்தின் வானிலைப் பிரிவில் வேலை பார்த்தார். கூரைமீது ஏறி நின்று மேகத்தின் உயரத்தையும் வகையையும் குறித்துக் கட்டுப்பாட்டு அறைக்குச் சொல்வது அவர் வேலை. சில வருடங்கள் மேகத்தின் அடிவயிற்றையே அண்ணாந்து பார்த்துச் சலித்தபின், அதன் விலாவையும் முதுகையும் பார்த்துவிட வேண்டும் என்று தோன்றியதாம். பறக்கும் பயிற்சிக்கு விண்ணப்பித்தார். அதற்குக் கண் பரிசோதனைச் சான்று கேட்டார்கள். கடைவீதியில் இருந்த கண்ணாடிக் கடைக்குப் போனார். கடைக்காரர் எழுத்துப் பலகையை மாட்டி, "எது வரைக்கும் தெரியுதோ படிங்க" என்றார். இவர் கடைசி வரியையும் படித்துவிட்டு, அதற்கும் கீழே பொடி எழுத்தில் இருந்த அச்சகத்தின் பெயரையும் படித்தார். அந்தப் பெயர் அங்கே இருப்பதே கடைக்காரருக்கு அன்றுதான் தெரியும். அடுத்த வருடம் இருவருக்கும் கல்யாணம் நடந்தது. "என்கிட்ட கண்ணாடி வாங்கவே தேவையில்லாத ஒரே ஆளை நான் கட்டிக்கிட்டேன்" என்று அவர் இன்றுவரை எல்லோரிடமும் சொல்லிவருகிறார்.

மேல் நகரத்தின் ஓடுபாதை, மலைச்சரிவில் சாய்த்து வைத்த பலகை போன்றது. கீழ் முனையில் பள்ளத்தாக்கு. மேல் முனையில் செங்குத்தான பாறைச்சுவர். இறங்கும்போது பள்ளத்தாக்கின் பக்கமிருந்து வந்து, சுவரை நோக்கி ஏற்றத்தில் ஓட வேண்டும். புறப்படும்போது சுவருக்கு முதுகைக் காட்டிச் சரிவில் இறங்கி ஓடிப் பள்ளத்தாக்கின் மேல் பாய வேண்டும். காற்று எந்தப் பக்கம் அடித்தாலும் இதுதான் முறை. தரையைத் தொட்டபின் மனம் மாறி மறுபடி எழும்பலாம் என்ற பேச்சுக்கே இடமில்லை; சுவர் குறுக்கே நிற்கிறது.

மழை நாளில் இன்னொரு சிக்கலும் சேரும். ஈரப் பாதையில் சக்கரத்தைப் பூப்போல வைத்தால், ரப்பருக்கும் தரைக்கும் நடுவே தண்ணீர் ஒரு மெல்லிய தோலாக நின்றுவிடும். சக்கரம் அதன்மேல் வழுக்கிக்கொண்டே போகும். பிரேக்கை எவ்வளவு மிதித்தாலும் பிடிக்காது. அந்தத் தோல் கிழிய வேண்டுமானால் சக்கரத்தைக் குறித்த இடத்தில், கொஞ்சம் வன்மையாகவே, குத்தி இறக்க வேண்டும். பயணிகளின் பல்செட்டுக்கு ஆபத்து வருவது இந்தக் காரணத்தால்தான்.

ஓடுபாதைக்கு வரும் வழியில், பள்ளத்தாக்கு குறுகத் தொடங்கும் இடத்தில், சுண்ணாம்பு பூசிய ஒரு பாறை இருக்கிறது. பாறைக்கு முன்னால் இடதுபுறம் அகன்ற கிளைப் பள்ளத்தாக்கு ஒன்று பிரிகிறது. அங்கே திரும்பி விடலாம். பாறையைத் தாண்டினால் இருபுறமும் மலை நெருங்கிவிடும். இறங்கித்தான் ஆக வேண்டும். அதனால் அந்தத் தடத்தில் பறப்பவர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பாறை வந்ததும் விமானத்தை ஓட்டுபவர் தம் முடிவை வாய்விட்டுச் சொல்ல வேண்டும்: "இறங்கறேன்" அல்லது "திரும்பறேன்". மனத்துக்குள் நினைத்துக்கொள்வது செல்லாது. ஒன்றும் சொல்லாமல் இருந்தால் அதற்குத் 'திரும்பறேன்' என்றே பொருள்; பக்கத்து இருக்கையில் இருப்பவர் உடனே விமானத்தைத் திருப்பிவிடலாம்.

"அந்த ஒரு வார்த்தையைச் சொல்ற நேரம் இருக்கே, அதுக்காகவே இந்த வேலைக்கு வரலாம்" என்பார் அவர். "அது வரைக்கும் காத்து, மழை, பள்ளம் எல்லாம் நம்மளைப் போட்டு ஆட்டும். சொன்ன நிமிஷத்துல எல்லாம் அடங்கி, கை தானா நிதானத்துக்கு வந்துடும்."

இப்படி நிம்மதியாகத் தடால் தடால் என்று இறங்கிக்கொண்டிருந்தவரின் பிழைப்பில் ஒரு மேலாளர் வந்து சேர்ந்தார். பெரிய தங்கும் விடுதி ஒன்றில் வேலை பார்த்து வந்தவர். நல்ல மனிதர், அலுவலகம் முழுக்கப் பூந்தொட்டி வைத்தார். அதோடு நிற்காமல், ஒவ்வொரு பயணியும் இறங்கியபின் கைப்பேசியில் நட்சத்திரம் போடும்படி ஏற்பாடு செய்தார். எந்த விமானி எவ்வளவு நட்சத்திரம் வாங்கினார் என்பது தேநீர் இயந்திரத்துக்கு மேலே ஒட்டப்பட்டது. சமவெளியில் நீண்ட ஓடுபாதைகளில் இறங்கும் விமானிகள் மேலே ஜொலித்தார்கள். தடால் அக்கா அடியில், சுவரின் மின்விசைப் பலகைக்குப் பக்கத்தில் இருந்தார்.

மேலாளர் அவரைக் கூப்பிட்டு மிகவும் மரியாதையாகப் பேசினார். "நீங்க ரொம்ப சீனியர். குறை சொல்றேன்னு நினைக்காதீங்க. கொஞ்சம் மெதுவா இறக்கினா பயணிகளுக்குச் சந்தோஷம்."

"மழைக்காலம் முடியட்டும் சார், பார்க்கலாம்."

"மழைக்காலத்துலதான் புகார் அதிகமா வருது."

அலுவலகத்தில் இது. வீட்டில் அவருடைய நாத்தனார். கண்ணாடிக் கடைக்காரரின் அக்காவான அந்த அம்மாள் மேல் நகரத்தில் துணிக்கடை நடத்துகிறவர். மாதம் ஒரு முறை சரக்கு எடுக்கக் கீழே வந்து தம்பி வீட்டில் தங்குவார். வந்ததும் வராததுமாகச் சோபாவில் சாய்ந்துகொண்டு இடுப்பைப் பிடித்துக்கொள்வார். "எல்லாரும் பிளேன்ல வந்தா களைப்புன்னு சொல்வாங்க. நான் மட்டும்தான் அடி வாங்கிட்டு வரேன். ஏம்மா, அந்தப் பாதை மேல உனக்கு என்ன கோபம்?"

"கோபம் எல்லாம் இல்ல அண்ணி. பாசம்தான். இறுக்கிக் கட்டிப் பிடிக்கிறேன்."

"கட்டிப் பிடிக்கிறாளாம்! என் எலும்பு எண்ணிக்கை தெரிஞ்சுபோச்சு."

கேலியைக் கேலியாகத் தள்ளிவிடும் தெம்பு அவருக்கு உண்டு. ஆனால் தினமும் தேநீர் குடிக்கும்போது தலைக்குமேல் தன் பெயர் கடைசியில் தொங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தால் யாருக்கும் கை சற்று மாறத்தான் செய்யும். அவருக்கும் மாறியது. முடிவெடுத்து மாற்றியதல்ல. தரையை நெருங்கும்போது விமானத்தின் மூக்கை ஒரு மூச்சு நேரம் கூடுதலாகத் தூக்கிப் பிடித்தார். அடுத்த வாரம் இன்னும் ஒரு மூச்சு. மழை இடைவெளி விட்ட அந்த வாரங்களில், காய்ந்த பாதையில் அதனால் ஒன்றும் கெட்டுவிடவில்லை. நட்சத்திரங்கள் ஏறத் தொடங்கின. மின்விசைப் பலகையிலிருந்து அவர் பெயர் இரண்டு படி மேலே போனது. மேலாளர் அவருடைய மேசையில் ஒரு பூந்தொட்டியைக் கொண்டுவந்து வைத்தார்.

அந்த நிலையில்தான் வருடாந்தரப் பரிசோதனை வந்தது. மேல் நகரத்துக்கு விமானம் ஓட்டும் ஒவ்வொருவரும் வருடத்துக்கு ஒரு முறை, வழக்கமான பயணம் ஒன்றில், பரிசோதகர் பக்கத்து இருக்கையில் அமர்ந்திருக்க ஓட்டிக் காட்ட வேண்டும். தேறாவிட்டால் அடுத்த பரிசோதனை வரை வலது பக்க இருக்கையில் துணை விமானியாகத்தான் உட்கார முடியும். பாறையருகே அந்த வார்த்தையை வேறொருவர் சொல்வார். பரிசோதகருக்கு 'அரைவரி' என்று பெயர். அவருடைய அறிக்கைகள் எதுவும் அரை வரிக்கு மேல் போனதில்லை.

காலைப் பயணத்தின்போது மழை தூறிக்கொண்டிருந்தது. பார்வைக்குக் குறைவில்லை. பாறை வந்ததும் தடால் அக்கா தெளிவாக "இறங்கறேன்" என்றார். அரைவரி தலையசைத்தார். பாதையின் முனை விமானத்தின் வயிற்றுக்கடியில் நழுவியது. பழகிய கை குத்தப் போனது. புதிதாகப் பழகிய கை தூக்கிப் பிடித்தது. விமானம் மிதந்தது. பிறகு தரையைத் தொட்டது. தொட்டது என்பதை யாரும் உணரவில்லை. சன்னல் வழியே தண்ணீர் தெறிப்பதைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டார்கள்.

பின்னால் கைதட்டல் கிளம்பியது. "அக்கா, சூப்பர்!" என்று ஒருவர் கத்தினார்.

அவர் பிரேக்கை மிதித்தார். மிதிபலகை இறங்கியது; விமானம் வேகம் குறையவில்லை. கைதட்டல் ஓயாத அந்த நேரத்தில் பாறைச்சுவர் முன்கண்ணாடியை நிறைத்துக்கொண்டு வந்தது. அவர் என்ஜின் விசிறிகளின் விசையைப் பின்னோக்கித் திருப்பினார். என்ஜின்கள் அலறின. ஏற்றம் கொஞ்சம் இழுத்துப் பிடித்தது. கடைசியில் சக்கரம் தரையைக் கவ்வி, விமானம் ஒரு பக்கமாக உதறிக்கொண்டு நின்றது. வழக்கமாக நிறுத்தும் இடம் பின்னால் போயிருந்தது. சுவரின் இடுக்கில் முளைத்திருந்த செடியின் இலைகளை எண்ணிவிடலாம் போல இருந்தது.

பயணிகள் சிரித்தபடி இறங்கினார்கள். இருவர் அவருடைய கையைக் குலுக்கிவிட்டுப் போனார்கள். எல்லோரும் போனபின் அரைவரி குடையை விரித்தார். "வாங்க, கொஞ்சம் நடப்போம்."

இருவரும் ஓடுபாதையின் ஓரமாகக் கீழ்நோக்கி நடந்தார்கள்.

"சக்கரம் எங்க தொட்டுச்சு?"

அவர் காட்டினார்.

"எங்க தொட்டிருக்கணும்?"

அதற்கு இன்னும் வெகுதூரம் நடக்க வேண்டியிருந்தது. நடந்துபோய் நின்று காட்டினார்.

அரைவரி திரும்பிச் சுவரைப் பார்த்தார். "போன தடவையும் அதுக்கு முந்தின தடவையும் உங்களோட வந்திருக்கேன். ரெண்டு தடவையும் இடுப்பு போச்சு. நிம்மதியாக் கையெழுத்துப் போட்டேன். இன்னிக்கு இடுப்பு நல்லாத்தான் இருக்கு. கைதான் நடுங்குது."

"எனக்கும்தான் சார்."

"இறக்கத் தெரியாம செஞ்சீங்களா, தெரிஞ்சே செஞ்சீங்களா?"

அவர் மழுப்பவில்லை. "நட்சத்திரத்துக்காக சார்."

"எந்த நட்சத்திரம்?"

தேநீர் இயந்திரம் முதல் பூந்தொட்டி வரை அவர் எல்லாவற்றையும் சொன்னார். அரைவரியின் முகத்தில் சிரிப்பு வரப் பார்த்தது. அவர் அதை அடக்கிக்கொண்டார். "இந்த இறக்கம் தேறாது. மத்தியானம் இன்னொரு பயணம் இருக்கில்ல, அதைப் பார்க்கறேன். நாளைக்கு நான் வேற ஊருக்குப் போகணும். மத்தியானமும் சரியில்லன்னாலோ, இறங்க முடியாமப் போனாலோ, காலையில பார்த்ததைத்தான் எழுதணும்."

கீழ் நகரத்துக்குத் திரும்பியதும் அவர் நேரே கண்ணாடிக் கடைக்குப் போனார். கணவர் ஒரு மூக்குக்கண்ணாடிச் சட்டத்தின் திருகாணியை முடுக்கிக்கொண்டிருந்தார். நடந்ததைக் கேட்டதும் திருகாணி கைதவறிக் கீழே விழுந்தது. "மத்தியானப் பயணத்துலதான் அக்காவும் வர்றாங்க. நாளைக்குப் போகச் சொல்லட்டுமா?"

"எதுக்கு?"

"பின்னாடி உக்காந்து வாய் மூடாமப் பேசுவாங்களே. உனக்குக் கவனம் சிதறாதா?"

"காலையில பின்னாடி உக்காந்தவங்க கைதட்டினாங்க. அதைவிட அண்ணி பேசுறது எவ்வளவோ மேல்." அவர் குனிந்தார். கணவர் தேடிக்கொண்டிருந்த திருகாணியை மேசைக் காலுக்கடியிலிருந்து எடுத்து அவர் கையில் வைத்தார். "வரட்டும்."

நாத்தனார் இரண்டு துணி மூட்டைகளோடும் மூக்கில் புதுக் கண்ணாடியோடும் வந்தார். விமானத்தில் திரைக்கு நேர் பின்னால் முதல் இருக்கையில் அமர்ந்தார். "தம்பி இப்பதான் மாட்டி விட்டான். இதைக் கீழ தள்ளாம இறக்கிடு, உனக்குப் புண்ணியமாப் போகும்."

"கழற்றிப் பெட்டியில வெச்சுக்கோங்க அண்ணி."

"அதானே, மெதுவா இறக்கறேன்னு வாய்ல வருதா பாரு!"

மழை காலையைவிட வலுத்திருந்தது. மலை தொடங்கியதும் காற்று விமானத்தைக் கீழிருந்து தூக்கிப் போட்டது. அடுத்த நொடி காலடியில் தரையை உருவிவிட்டது போல அது அமிழ்ந்தது. பின்னால் யாரோ வாய்க்குள் முனகினார்கள். அவர் தோளைத் தளர்த்திவிட்டு, விமானம் ஆடும் ஆட்டத்தை முழுக்கத் தடுக்காமலும் முழுக்க விடாமலும் கொண்டுபோனார். அப்படிப்பட்ட காற்றில் ஓட்டுவதில் அவருக்கு உள்ளூர ஒரு குஷி உண்டு. அன்று காலையிலிருந்து காணாமல் போயிருந்த அந்தக் குஷி மெல்லத் திரும்பி வந்தது.

பாறை தெரிந்தது. அதற்கு அப்பால் பள்ளத்தாக்கு தெரிந்தது. ஓடுபாதையின் கீழ் முனை தெரியவில்லை. அங்கே ஒரு மேகம் பஞ்சுப் பொதியாகக் குந்தியிருந்தது. பொதிக்கு மேலே சுவரும் பாதையின் மேல் பாதியும் பளிச்சென்று தெரிந்தன. ஆசை காட்டும் காட்சி. தொட வேண்டிய இடம் மட்டும்தான் மறைந்திருந்தது.

"திரும்பறேன்" என்று உரக்கச் சொல்லி விமானத்தை இடது பக்கம் சாய்த்தார்.

திரைக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது. "என்னது, திரும்பறியா? அதோ என் கடைக் கூரை தெரியுது! வீட்டு வாசல் வரைக்கும் வந்துட்டு யாராவது திரும்புவாங்களா?"

அவர் ஒலிவாங்கியை எடுத்தார். "பாதையோட முனையில மேகம் இருக்கு. கொஞ்ச நேரம் சுத்திட்டு மறுபடி வந்து பார்ப்போம். அப்பவும் விலகலன்னா கீழயே போயிடுவோம். கடைக் கூரை எங்கயும் ஓடிடாது."

யாரோ சிரித்தார்கள். அரைவரி மட்டும் சன்னல் வழியே வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

கிளைப் பள்ளத்தாக்கில் அவர் வட்டமிட்டார். இன்னொரு முறை வந்து பார்ப்பதற்கும், முடியாவிட்டால் பத்திரமாகக் கீழே போவதற்கும் எரிபொருள் இருந்தது. மூன்றாவது முறைக்கு இல்லை. மேகம் விலகாவிட்டால் காலையில் பார்த்ததே அறிக்கையாகும், வலது இருக்கை உறுதியாகும். அதை அவர் ஒரு முறை எண்ணிப் பார்த்தார். வலது இருக்கையில் உட்கார்ந்தால் உயிர் போய்விடாது என்ற முடிவுக்கு வந்தார். அதற்குப் பிறகு அவருடைய பார்வை மேகத்தின்மீது மட்டுமே இருந்தது. கூரையில் நின்று கழித்த வருடங்கள் அப்போது உதவின. பொதியின் அடிப்பக்கம் கிழிந்து மேல்நோக்கிச் சுருள்வதைப் பார்த்தார். அது ஏறிக் கலையப் போகிற மேகம்.

"மறுபடி போறேன் சார்" என்றார்.

பாறை வந்தபோது பாதையின் முனை கழுவி வைத்ததுபோலத் தெரிந்தது. "இறங்கறேன்."

முனையைக் கடந்ததும் குறுக்குக் காற்று இறக்கையைத் தட்டியது. அவர் தட்டிச் சரிசெய்தார். மூக்கைத் தூக்கிப் பிடிக்கவில்லை. காலையில் நடந்துபோய் நின்று காட்டிய அதே இடத்தில் சக்கரங்களைக் குத்தினார்.

அந்தச் சத்தத்தைப் பற்றிப் பயணிகள் பலவாறாகச் சொல்கிறார்கள். பீரோ மாடியிலிருந்து விழுந்தது போல என்கிறார் ஒருவர். மேலே வைத்த பைகள் எல்லாம் ஒரு முறை எழுந்து உட்கார்ந்தன என்கிறார் இன்னொருவர். தண்ணீர் இருபுறமும் சுவராக எழும்பியதில் மட்டும் கருத்து வேறுபாடு இல்லை. பிரேக் உடனே பிடித்தது. விமானம் ஏற்றத்தில் அடங்கி ஒடுங்கி, வழக்கமாக நிற்கும் இடத்துக்கு வந்து நின்றது. சுவர் எட்டத்தில் இருந்தது. ஒருவரும் கைதட்டவில்லை.

திரை விலகியது. நாத்தனாரின் கண்ணாடி மூக்கிலிருந்து நழுவி வாய்க்கு வந்திருந்தது. "ஏம்மா, இப்ப நீ இறங்கினியா, விழுந்தியா?"

"இறங்கினேன் அண்ணி. விழுந்திருந்தா நீங்க கேட்டிருக்க மாட்டீங்க."

நாத்தனார் கண்ணாடியை மேலே ஏற்றிக்கொண்டு, "மூட்டையை யாராவது எடுத்துக் கொடுங்கப்பா" என்று பொதுவில் சொல்லிவிட்டு இறங்கிப் போனார். படியில் நின்று ஒரு முறை திரும்பி, "அந்த மேகத்துக்குள்ள போகாம இருந்தியே, அது நல்லது" என்று மழைக்குள் சொன்னது தடால் அக்காவுக்குக் கேட்டிருக்கிறது. நாத்தனார் அதை இன்றுவரை ஒப்புக்கொள்ளவில்லை.

அரைவரி இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தார். சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்து, முழங்காலில் தாளை வைத்து எழுதினார். 'தொட வேண்டிய இடத்தில் தொட்டார், தேறினார்.' அவர் கணக்கில் அது பெரிய கட்டுரை.

"உங்க மேலாளர்கிட்ட நான் பேசட்டுமா?"

"வேண்டாம் சார். அடுத்த மழை நாள்ல அவரைக் கூட்டிட்டு வந்து இந்தப் பாதையில நடக்க வைக்கறேன். நல்ல மனுஷர், புரிஞ்சுக்குவார். புரியலன்னா கடைசி இடத்துலயே இருந்துட்டுப் போறேன். அங்கேயும் தேநீர் நல்லாத்தான் இருக்கு."

கீழே போகும் பயணிகள் ஏறி முடித்தார்கள். அவர் விமானத்தைச் சுவருக்கு முதுகு காட்டித் திருப்பினார். மழை விட்டிருந்தது. கண்ணாடிக்கு முன்னால் பாதை சரிந்து சரிந்து போய், முனையில் சட்டென்று இல்லாமல் போனது. அதற்கு அப்பால் பள்ளத்தாக்கு முழுவதும் வெளிச்சம்.

"பரிசோதனை முடிஞ்சுது" என்றார் அரைவரி. "இதுக்கு மார்க் கிடையாது. உங்க இஷ்டம்போல ஓட்டுங்க."

அவர் பிரேக்கை அழுத்திப் பிடித்துக்கொண்டு முழு விசையையும் கொடுத்தார். விமானம் நின்ற இடத்திலேயே நடுங்கியது. பிரேக்கை விட்டார். சரிவு அவர்களை உருட்டிக்கொண்டு போனது. சக்கரங்களின் கடகடப்பு ஒற்றை ஓசையாகத் திரண்டது. முனை ஓடி வந்தது. கடைசிக் கோட்டைத் தாண்டும்போது அவர் கைப்பிடியை லேசாகப் பின்னுக்கு இழுத்தார். கடகடப்பு அறுந்தது. காலுக்கடியில் மலை சட்டென்று விலகி, ஆழம் முழுவதும் ஒரே நேரத்தில் திறந்துகொண்டது.

"ஹோய்!" என்று பக்கத்து இருக்கையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அவர் திரும்பிப் பார்த்தார். அரைவரி இரண்டு கைகளாலும் முழங்காலைப் பற்றிக்கொண்டு, கண்ணாடியில் நெற்றி முட்டும் அளவுக்குக் குனிந்து, கீழே பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்.